பாட்டியின் பெயர் சிபில்

கேள்வி: ஐயா, நான் கிள்ளானில் வசிக்கிறேன். அடுத்த மாதம் எங்களுக்குப் பெண் குழந்தை பிறக்கப்போகிறது. என் அம்மாவைப் பெற்ற பாட்டியின் பெயர் சிபில். 1948இல் பிரிக்பீல்ட்ஸ் ரயில்வே குவார்ட்டர்ஸில் பிறந்தவர். போன வருடம் தவறிவிட்டார். பாட்டியின் அப்பா யாழ்ப்பாணத்துக் கத்தோலிக்கர், ரயில்வேயில் கிராணி, போர் முடிந்தபின் ஈப்போவிலிருந்து மாற்றலாகி வந்தவர் என்பதுவரை தெரியும். பாட்டியின் பெயரை மகளுக்கு வைக்க எனக்கு ரொம்ப ஆசை. மாமியார் ஒப்பவில்லை. "அது குறிசொல்கிறவள் பெயர், அகராதியிலேயே போட்டிருக்கிறது. குறிசொல்வது பைபிளில் பாவம், நம் பிள்ளைக்கு அது ஆகாது" என்கிறார். என் கணவரோ, பெயர் இருக்கட்டும், எண் பார்த்து எழுத்தை மாற்றிக்கொள்ளலாம், கூடவே ஒரு தமிழ்ப் பெயரும் வேண்டும் என்கிறார். இந்தப் பெயரின் உண்மையான பொருள் என்ன? எங்கள் வீட்டுக்கு இது எப்படி வந்திருக்கும்? தமிழில் எப்படி எழுதுவது?
– கிள்ளான் வாசகி

பதில்: உங்கள் மாமியார் சொன்னதில் பாதி உண்மை இருக்கிறது, சகோதரி. அதை ஒப்புக்கொண்டே தொடங்கலாம். பழைய கிரேக்க நாட்டில் தெய்வம் ஏறி வாக்குச் சொன்ன பெண்ணுக்கு 'சிபில்லா' என்று பெயர். கி.மு. 500 வாக்கில் வாழ்ந்த ஹெராக்ளிட்டஸ் என்ற சிந்தனையாளர் அவளைப் பற்றிச் சொன்னதாகப் பின்வந்தவர்கள் எழுதி வைத்திருக்கிறார்கள். நமக்குக் கிடைத்திருப்பவற்றில் அதுதான் மிகப் பழைய குறிப்பு. தொடக்கத்தில் அது ஒரே ஒருத்தியின் பெயராக இருந்தது. பிறகு ஊருக்கு ஊர் ஒரு சிபில்லா தோன்றவே, பெயர் பட்டமாக மாறியது. ரோமாபுரி அறிஞர் வர்ரோ கி.மு. முதல் நூற்றாண்டில் கணக்கெடுத்தபோது பத்து சிபில்லாக்கள் இருந்தார்கள்.

குழந்தைப் பெயர்ப் புத்தகங்களைப் புரட்டினால் 'கடவுளின் சித்தம்' என்று அழகான பொருள் ஒன்று போட்டிருக்கும். அதுவும் வர்ரோவிடமிருந்து வந்ததுதான். கடவுளைக் குறிக்கும் ஒரு வட்டார வழக்குச் சொல்லும், சித்தம் அல்லது ஆலோசனை என்று பொருள்படும் இன்னொரு சொல்லும் சேர்ந்து இந்தப் பெயர் ஆனது என்பது அவர் சொன்ன விளக்கம். இன்றைய மொழியறிஞர்கள் அதை ஏற்பதில்லை. சொல்லின் வேர் தெரியவில்லை, அது கிரேக்கச் சொல்தானா என்பதே ஐயம் என்கிறார்கள். ஆகவே மாமியாரிடம் வாதம் செய்ய இந்த 'கடவுளின் சித்தம்' விளக்கத்தை எடுத்துக்கொண்டு போகாதீர்கள். அது இல்லாமலே உங்கள் பக்கம் பலமாக இருக்கிறது.

முதலில் அந்தச் சிபில்லா எப்படிப்பட்டவள் என்று பாருங்கள். ரோமாபுரியைத் தார்க்குவின் என்ற அரசன் ஆண்ட காலத்தில் ஒரு முதியவள் ஒன்பது நூல்களோடு அவன் அவைக்கு வந்து, பெரிய விலை ஒன்றைச் சொன்னாளாம். அரசன் சிரித்தான். அவள் மூன்று நூல்களை நெருப்பில் போட்டுவிட்டு, மீதி ஆறுக்கும் அதே விலையைக் கேட்டாள். அப்போதும் அவன் மறுத்தான். இன்னும் மூன்று நெருப்புக்குப் போயின. எஞ்சிய மூன்றுக்கும் அதே விலைதான் என்றாள், குரலை உயர்த்தாமல். அரசனுக்கு அப்போதுதான் நெஞ்சு திக்கென்றது. ஒன்பதுக்குக் கேட்ட பணத்தைக் கொடுத்து மூன்றை வாங்கினான். அந்த நூல்களை ரோமர்கள் ஜூப்பிட்டர் கோயிலில் பூட்டிவைத்து, நாட்டுக்குப் பேராபத்து வரும்போது மட்டும் திறந்து பார்த்தார்கள். கி.மு. 83இல் கோயில் எரிந்தபோது அவையும் எரிந்தன. கதையில் எவ்வளவு வரலாறு என்பது வேறு கேள்வி. ஆனால் இப்படியொரு கதை யாரைப் பற்றி உண்டாகும்? அரசன் முன்னாலும் தன் சொல்லின் விலையைக் குறைக்காத ஒருத்தியைப் பற்றித்தான். கைரேகை பார்த்துக் காசு வாங்குகிறவளை நினைத்துக்கொண்டு உங்கள் மாமியார் கவலைப்படுகிறார். சிபில்லாவின் இடம் அதுவன்று.

அடுத்து பைபிள். அவர் மனத்தில் இருப்பது அநேகமாக அப்போஸ்தலர் பணிகள் 16ஆம் அதிகாரமாக இருக்கும். பிலிப்பி நகரில் குறிசொல்லும் ஆவி பிடித்த அடிமைப் பெண் ஒருத்தி பவுலின் பின்னாலேயே வருகிறாள். அவர் அந்த ஆவியை விரட்டுகிறார். அந்தப் பெண்ணுக்கு அங்கே பெயரே சொல்லப்படவில்லை. சிபில்லா என்ற சொல்லும் அங்கே இல்லை. திருச்சபையின் முற்காலப் பெரியோர்கள் சிபில்லாக்களை விரட்டவில்லை, மடியில் எடுத்து வைத்துக்கொண்டார்கள் என்றே சொல்ல வேண்டும். யூதத் தீர்க்கதரிசிகள் கிறிஸ்துவை முன்னறிவித்ததுபோல, புறஜாதியாரிடையே சிபில்லாக்கள் முன்னறிவித்தார்கள் என்று அவர்கள் நம்பினார்கள். புனித அகுஸ்தினார் 'கடவுளின் நகரம்' நூலில் எரித்திரேயச் சிபில்லாவின் வாக்கு என்று ஒரு பாடலையே எடுத்தாள்கிறார். மைக்கலாஞ்சலோ 1508 முதல் 1512 வரை வத்திக்கானின் சிஸ்டைன் சிற்றாலயக் கூரையில் ஓவியம் தீட்டியபோது எசாயா, எரேமியா முதலிய தீர்க்கதரிசிகளோடு ஐந்து சிபில்லாக்களையும் உட்கார வைத்தார். அவர்களுக்குக் கீழேதான் இன்றும் போப்பாண்டவரைத் தேர்ந்தெடுக்கும் வாக்கெடுப்பு நடக்கிறது. இறந்தோருக்கான லத்தீன் பூசையில் 1960கள் வரை பாடப்பட்டு வந்த 'தியேஸ் இரே' பாடலின் தொடக்கத்தில் தாவீது அரசரின் பெயரோடு சிபில்லாவின் பெயரும் வருகிறது. உங்கள் கொள்ளுத் தாத்தா எத்தனை அடக்கப் பூசைகளில் அதைக் கேட்டிருப்பாரோ!

இந்தப் பெயர் வழியில் பீடமேறிய ஒருவரும் உண்டு. இத்தாலியின் பவியா நகரில் 1287 முதல் 1367 வரை வாழ்ந்த அருளாளர் சிபிலினா. பன்னிரண்டு வயதில் பார்வை இழந்த ஏழைப் பெண், தொமினிக்கன் சபையைச் சேர்ந்தவர். திருநாள் மார்ச் 19. ஞானஸ்நானத்துக்குப் பாதுகாவலர் வேண்டும் என்று யாராவது கேட்டால் அவர் பெயரைச் சொல்லுங்கள்.

மாமியாரிடம் கேட்கச் சொல்லி உங்களுக்கு ஒரு கேள்வியும் தருகிறேன். சொந்தத்தில் ஷாலினி என்ற பெயரில் யாராவது இருக்கிறார்களா? நம் நாட்டில் தமிழ்க் குடும்பம் என்றால் ஒரு ஷாலினியாவது இருப்பாள். சிலப்பதிகாரத்தின் வேட்டுவவரியில் சாலினி என்று ஒருத்தி வருகிறாள். எயினர் குடிப் பெண். கொற்றவை அவள்மேல் ஏறி ஆடுகிறாள். அந்த ஆட்டத்தில்தான், வழிநடந்து கால் நொந்து உட்கார்ந்திருக்கும் கண்ணகியை உலகத்துக்கே மாமணி போன்றவள் என்று புகழ்கிறாள். கண்ணகிக்கே அந்தச் சொல் கூச்சமாக இருக்கிறது. பின்னால் நடந்ததெல்லாம் உங்களுக்குத் தெரியும். பழைய அகராதிகளில் 'சாலினி' என்ற சொல்லுக்குத் தேவராட்டி, அதாவது தெய்வம் ஏறப்பெற்றவள் என்றே பொருள். இன்றைய ஷாலினி வடமொழி வழியாக வேறு பொருளோடு வந்தது, உண்மை. ஆனாலும் எழுத்தும் ஒலியும் பொருந்தி நிற்கும் அந்தப் பெயரைக் குறிசொல்லி பெயர் என்று ஒருவரும் ஒதுக்கவில்லை. சங்கப் பாடல்களில் முறத்தில் நெல்லைப் பரப்பிக் குறி பார்க்கும் கட்டுவிச்சியையும் வீட்டுத் தாய்மார் மரியாதையோடுதான் உள்ளே அழைத்தார்கள்.

இனி இது இங்கிலாந்துக்குப் போன வழி. நார்மானியர்களோடு போனது. இடைக்காலத்தில் அரச குடும்பங்களில் பல சிபில்லாக்கள் இருந்தார்கள். எருசலேமில் ஒரு சிபில்லா 1186 முதல் 1190 வரை அரசியாகவே இருந்தாள். பிறகு பெயர் அருகிப்போனது. அதை மீட்டவர், பின்னாளில் இங்கிலாந்தின் பிரதமரான டிஸ்ரேலி. 1845இல் அவர் எழுதிய 'சிபில்' நாவலின் நாயகி ஒரு தொழிலாளர் தலைவனின் மகள், பக்தியுள்ள கத்தோலிக்கப் பெண். முதலெழுத்துக்குப் பின் 'ஐ' வரவேண்டிய இடத்தில் 'ஒய்' போட்டு எழுதும் வழக்கம் பரவியதற்கும் அந்த நாவல் ஒரு காரணம். பத்தொன்பதாம் நூற்றாண்டின் கடைசியிலும் இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்திலும் இங்கிலாந்தில் அது விரும்பி வைக்கப்பட்ட பெயர். இன்று அங்கேயே அபூர்வம்.

இதுவரை சொன்னதெல்லாம் தூர தேசத்துச் செய்தி. உங்கள் கடிதத்தைப் படித்தபோது என் மனம் போய் நின்ற இடம் வேறு: 1948, ரயில்வே, ஈப்போவிலிருந்து மாற்றல். இந்த மூன்றையும் சேர்த்துப் பார்த்தால் மலேசியத் தமிழர் எவருக்கும் ஒரு முகம் நினைவுக்கு வரவேண்டும். சிபில் கார்த்திகேசு.

சிபில் மேடான் டேலி 1899 செப்டம்பர் 3ஆம் தேதி சுமத்ராவின் மேடான் நகரில் பிறந்தார். அப்பா ஐரிஷ் வழிவந்த யுரேசியர், தோட்டத்துறையில் இருந்தவர். அம்மா மருத்துவச்சி. பிறந்த ஊரையே நடுப்பெயராக வைத்துவிட்டார்கள். சிபில் தாதியாகவும் மருத்துவச்சியாகவும் பயிற்சி பெற்றார். கன்டனீஸ் சரளமாகப் பேசினார். அவர் மணந்துகொண்டது தைப்பிங்கைச் சேர்ந்த இலங்கைத் தமிழரான டாக்டர் கார்த்திகேசுவை. பெண் கத்தோலிக்கர், மாப்பிள்ளை இந்துக் குடும்பம் என்பதால் முதலில் பெண்ணின் பெற்றோர் தயங்கினார்கள். கடைசியில் 1919 ஜனவரி 7ஆம் தேதி கோலாலம்பூர் புக்கிட் நானாஸில் உள்ள புனித ஜான் ஆலயத்தில் திருமணம் நடந்தது. இன்று அங்கே நிற்கும் இரட்டைக் கோபுரப் பேராலயம் 1950களில் எழுந்தது; அவர்கள் மணமுடித்தது அதற்கு முந்தைய கட்டடத்தில். அதே ஆண்டு ஆகஸ்டில் பிறந்த மகனுக்கு மைக்கேல் என்று பெயரிட்டார்கள். 1915இல் கலிப்போலிப் போர்முனையில் உயிரிழந்த தம் அண்ணனின் பெயரைத்தான் சிபில் மகனுக்கு வைத்தார். பிள்ளை ஒரு நாள்கூட வாழவில்லை. 1936இல் பிறந்த கடைசி மகளின் பெயர் டோன், விடியல். இறந்தவரின் பெயரைப் பிள்ளைக்கு வைக்க நீங்கள் ஏங்குவது அந்த அம்மாவுக்குப் புரிந்திருக்கும்.

1926 முதல் ஈப்போவின் புருஸ்டர் சாலையில் கணவன் மனைவி இருவரும் கிளினிக் நடத்தினார்கள். 1941 டிசம்பரில் ஜப்பானியர் ஈப்போவை நெருங்கியபோது குடும்பம் பாப்பான் என்ற சிறிய ஈயச் சுரங்க ஊருக்குப் பெயர்ந்தது. அங்கே 74ஆம் எண் கடைவீடு கிளினிக்கானது. பகலில் ஊர் மக்களுக்கு வைத்தியம். இரவில், காட்டிலிருந்து காயத்தோடு இறங்கிவந்த ஜப்பானிய எதிர்ப்புப் போராளிகளுக்கு வைத்தியம். ஒளித்து வைத்திருந்த வானொலியில் பிபிசி செய்தி கேட்டு மற்றவர்களுக்கும் சொன்னார். அது மரண தண்டனைக்குரிய குற்றமாக எண்ணப்பட்ட காலம். 1943இல் ஜப்பானிய ராணுவப் போலீசான கெம்பெய்தாய் அவரைப் பிடித்தது. அடித்தார்கள், எலும்பை முறித்தார்கள். அவர் வாய் திறக்கவில்லை. ஏழு வயது டோனைக் கொண்டுவந்து, அவர் கண்ணெதிரே மரத்தில் கட்டித் தொங்கவிட்டுக் கீழே தீ மூட்டினார்கள். அப்போதும் அவர் ஒரு போராளியின் பெயரைக்கூடச் சொல்லவில்லை என்பதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு மூச்சு நின்றுவிடும். குழந்தை உயிர் தப்பியது. சிபிலுக்கு ஆயுள் தண்டனை, பத்து காஜா சிறை.

1945இல் விடுதலையானபோது அவரால் நடக்க முடியவில்லை. சிகிச்சைக்கு இங்கிலாந்து கொண்டுபோனார்கள். ஆறாம் ஜார்ஜ் மன்னரின் கையால் வீரத்துக்கான ஜார்ஜ் பதக்கம் பெற்றார். ஜப்பானியச் சிப்பாயின் பூட்ஸ் உதையில் உடைந்த தாடைக்காயம் ஆறவே இல்லை. அதிலிருந்து பரவிய நஞ்சால் 1948 ஜூனில் ஸ்காட்லாந்தில் இறந்தார். வயது 48. 1949இல் உடலைக் கப்பலில் கொண்டுவந்து ஈப்போவில் மீண்டும் அடக்கம் செய்தார்கள், ஊரே திரண்டது. அவர் எழுதிய நினைவுக் குறிப்பு 'நோ டிராம் ஆஃப் மெர்சி' 1954இல் நூலாக வந்தது. ஈப்போ ஃபேர் பார்க்கில் ஒரு சாலைக்கு அவர் பெயர் இருக்கிறது.

உங்கள் பாட்டி பிறந்தது 1948இல். அப்பா அதற்குச் சற்று முன்புவரை ஈப்போவில் இருந்த யாழ்ப்பாணத் தமிழர், கத்தோலிக்கர். கார்த்திகேசு டாக்டர் வீட்டு அம்மாவை அறியாமல் அவர் ஈப்போவில் இருந்திருக்க முடியாது என்றே எனக்குப் படுகிறது. அந்தப் பெயரை அவர் மனமறிந்து வைத்திருக்க நிறைய வாய்ப்பு உண்டு. பிரசவம் பார்த்த மருத்துவச்சியின் பெயரையும் உயிர்காத்த டாக்டரின் பெயரையும் பிள்ளைக்கு வைக்கும் வழக்கம் நம்மிடையே இருக்கிறதே.

ஆனாலும் ஊகத்தோடு நிற்காமல் தேடிப் பாருங்கள். பாட்டியின் ஞானஸ்நானப் பதிவேட்டை முதலில் பார்க்க வேண்டும். பிரிக்பீல்ட்ஸ் தமிழ்க் கத்தோலிக்கர்கள் அந்நாளில் புடு பக்கம் உள்ள புனித அந்தோணியார் ஆலயத்துக்கோ, புக்கிட் நானாஸுக்கோ போயிருக்கலாம். பிரிக்பீல்ட்ஸிலேயே இருக்கும் ஜெபமாலை அன்னை ஆலயத்திலும் கேளுங்கள். பதிவேட்டில் ஞானத்தாயின் பெயரைக் கவனியுங்கள். ஞானத்தாய் பெயரே சிபிலாக இருந்தால் விடை வீட்டுப் பக்கமே முடிந்துவிடும். ஞானத்தாயின் பெயரைப் பிள்ளைக்கு வைப்பது கத்தோலிக்கரிடையே சகஜம். அந்தத் தலைமுறையில் கான்வென்ட் படித்த நம் பெண்களிடம் மிர்ட்டில், பெரில், ஹில்டா, கிளாடிஸ் என்ற பெயர்கள் நிறைய இருந்தன, சிபிலும் அப்படி வந்திருக்கலாம். ஞானத்தாய் வேறு பெயராக இருந்தால், பாட்டியின் தம்பி தங்கைகள் யாராவது இருக்கிறார்களா என்று பார்த்து இப்போதே கேளுங்கள். "ஏன் அந்தப் பெயர்?" என்று மட்டும் கேட்காமல், "ஈப்போவில் வீடு எந்தத் தெருவில் இருந்தது, யாரிடம் வைத்தியம் பார்த்தீர்கள்?" என்று கேளுங்கள். பெயர்க் காரணம் மறந்துபோனவர்களுக்கும் டாக்டர் வீடு மறப்பதில்லை. சிங்கப்பூர் தேசிய நூலகத்தின் பழைய பத்திரிகைக் காப்பகத்தில் 1946 முதல் 1949 வரையிலான செய்திகளையும் படிக்கலாம். உங்கள் கொள்ளுத் தாத்தா காலையில் படித்திருக்கக்கூடிய அதே பக்கங்கள்.

உங்கள் கணவரின் கேள்விக்கு வருகிறேன். எண் பார்த்துப் பெயரின் எழுத்தைக் கூட்டிக் குறைப்பதை நான் ஆதரிக்கவில்லை. பிற்காலத்தில் பள்ளிச் சான்றிதழ், கடப்பிதழ், வங்கி என்று ஒவ்வொரு இடத்திலும் அந்தக் கூடுதல் எழுத்துக்குப் பிள்ளைதான் விளக்கம் சொல்லிக்கொண்டிருக்க வேண்டும். 'எஸ், ஒய், பி, ஐ, எல்' என்பது பாட்டியின் எழுத்து. பழைய கிரேக்கத்தை ஒட்டிய எழுத்து வேண்டுமென்றால் 'ஒய்'யும் 'ஐ'யும் இடம் மாறும், அவ்வளவுதான். எண் ஜோதிடர்கள் இங்கே பெரும்பாலும் கையாளும் முறையில் இரண்டு எழுத்துக்கும் மதிப்பு ஒன்றே என்பதால், எப்படி எழுதினாலும் கூட்டுத்தொகை 10தான். இதை அவரிடம் காட்டுங்கள். பாட்டியின் ஐசியில் எப்படி இருந்ததோ அப்படியே வையுங்கள் என்பது என் விருப்பம்.

தமிழ்ப் பெயர் வேண்டும் என்று அவர் கேட்பது மிக நியாயம். நான் அதை மனதார வரவேற்கிறேன். சிபில் என்பதை முதலிலும் தமிழ்ப் பெயரை இரண்டாவதாகவும் வைத்துப் பதியுங்கள். வாயால் சொல்லிப் பார்த்து முடிவெடுங்கள்: சிபில் முடிவது 'ல்' என்ற மெய்யில், அதனால் உயிரெழுத்தில் தொடங்கும் பெயர் அதோடு கலந்து ஒரே சொல்லாகக் கேட்கும். சிபில் யாழினி, சிபில் மலர்விழி போல உயிர்மெய் எழுத்தில் தொடங்குபவை தனித்தனியாக நிற்கும். பிறப்பைப் பதிய தீபகற்ப மலேசியாவில் 60 நாள் அவகாசம் இருக்கிறது. தேசியப் பதிவிலாகா (ஜேபிஎன்) கவுண்டரில் எழுத்தைச் சரிபார்த்த பிறகே கையெழுத்துப் போடுங்கள்.

தமிழில் 'சிபில்' என்றே எழுதுங்கள். 'ஸிபில்', 'சைபில்', 'சிபிள்' எதுவும் வேண்டாம். கபிலன் என்ற பெயரில் 'ப' எப்படி மெலிந்து ஒலிக்கிறதோ அப்படித்தான் இரண்டு உயிர்களுக்கு நடுவே இங்கும் ஒலிக்கும்; தமிழ் எழுத்து இந்தப் பெயரைக் குறையில்லாமல் தாங்குகிறது. பள்ளியில் மலாய்ப் பிள்ளைகள் சிலருக்கு அது 'சிவில்' என்று காதில் விழலாம். அப்போது உங்கள் மகள் இந்த நாட்டு வரலாற்றிலிருந்தே ஒருவரைச் சொல்லி அவர்களுக்கு விளக்கலாம். அந்த வயது வருவதற்குள் ஒரு விடுமுறையில் அவளை ஈப்போவுக்கும் பாப்பானுக்கும் அழைத்துப் போய்விடுங்கள். மாமியாரையும் கூட்டிக்கொண்டு போங்கள்.